வெண்பா முதல் ஒப்பாரி வரை: வாசகர் கேள்வி பதில்

பங்குனி வந்தால் நம் பக்கத்துக் கடிதங்களின் குணமே மாறிவிடும். கம்பன் விழா மாதம் என்பதால் மற்ற மாதங்களில் வரிக்கணக்கும் வாய்க்கால் பிரச்சினையும் எழுதுகிறவர்கள்கூட யாப்பு, அணி என்று கேட்க ஆரம்பித்துவிடுகிறார்கள். இந்த இதழை முழுக்க அவர்களுக்கே கொடுத்துவிட்டேன். வாய்க்கால் அடுத்த மாதம்.

கல்லூரிப் போட்டிக்காக ஒரு வெண்பா எழுதினேன். இணையத்தில் யாப்புச் சரிபார்க்கும் கருவியில் போட்டுப் பார்த்ததில் தளை தட்டவில்லை என்று வந்தது. எங்கள் ஐயாவிடம் வாசித்துக் காட்டினால், "கணக்கு சரியா இருக்கு ஆத்தா, ஆனா வெண்பாவா இல்லையே" என்கிறார். கணக்குச் சரி என்றால் வெண்பாதானே?
*மாணவி, புதுவயல்*

கருவி சொன்னதும் சரி, உங்கள் ஐயா சொன்னதும் சரி.

கருவி பார்ப்பது என்ன? தளை, அதாவது ஒரு சீர் அடுத்த சீரோடு சேர்கிற முறை. மா, விளம், காய் என்பவை சீரின் வகைகள்; நேர், நிரை என்பவை அசையின் வகைகள். மாச்சீருக்குப் பின் நிரை வருகிறதா, விளத்துக்கும் காய்க்கும் பின் நேர் வருகிறதா, ஈற்றடி மூன்று சீரோடு நின்று நாள், மலர், காசு, பிறப்பு என்ற நான்கில் ஒன்றில் முடிகிறதா, இவ்வளவுதான். ஆனால் இலக்கணம் எழுதியவர்கள் தளையோடு நிறுத்தவில்லை. வெண்பாவின் ஓசை செப்பல், ஆசிரியப்பாவுக்கு அகவல், கலிக்குத் துள்ளல், வஞ்சிக்குத் தூங்கல் என்று தனியாக ஓசையையும் சொல்லி வைத்தார்கள். செப்பல் என்பது எதிரில் ஓர் ஆளை உட்கார வைத்துக்கொண்டு எடுத்துச் சொல்கிற தொனி. உங்கள் ஐயா தேடியது அதைத்தான்.

பட்டினத்தாரை நகரத்தார் வீடுகளில் நம் ஆளாகவே வைத்திருக்கிறோம், அதனால் அவர் வெண்பாவையே எடுக்கிறேன். தாயின் உடலுக்கு எரியூட்டும்போது பாடியதாகச் சொல்லப்படுவது.

ஐயிரண்டு திங்களா அங்கமெலாம் நொந்துபெற்றுப்
பையலென்ற போதே பரிந்தெடுத்துச் – செய்யஇரு
கைப்புறத்தி லேந்திக் கனகமுலை தந்தாளை
எப்பிறப்பிற் காண்பே னினி.

அலகிட்டுப் பாருங்கள், அதாவது அசை பிரித்து எண்ணிப் பாருங்கள், ஒரு இடத்தில்கூடத் தட்டாது. முதலடியில் நான்கில் மூன்று காய்ச்சீர், அதனால் நிற்காமல் ஓடுகிறது. இரண்டாம் அடியில் 'போதே' என்று ஒரு மாச்சீர் வந்து லேசாக நிற்க, 'பரிந்தெடுத்து' நிரையில் எழுகிறது. பிள்ளையைக் குனிந்து தூக்குகிற அசைவு அந்த இடத்தில் இருக்கிறது என்று நான் சொன்னால் கொஞ்சம் மிகையாகப் படலாம், ஆனால் வாய்விட்டுப் படித்தவர்கள் ஒத்துக்கொள்வார்கள். முக்கியமான விஷயம் வேறு. மூன்றடி முழுக்க ஒரே ஆளைப் பற்றிய வர்ணனை. பெற்று, எடுத்து, ஏந்தி, தந்தாளை. தந்தவளை என்ன செய்யப் போகிறார்? அது மூன்றடி முடிகிற வரை தெரியாது. மிச்சம் இருப்பது மூன்றே சீர். அதில் கேள்வியைக் கேட்டு, கடைசியில் 'இனி' என்று ஒற்றை நிரையசையில், மலர் வாய்பாட்டில், முடித்துவிடுகிறார். மற்ற அடிகளுக்குக் கிடைத்த நான்காவது சீர் இதற்குக் கிடையாது. மூச்சு பாதியில் நிற்கிறது.

உங்கள் வெண்பாவை நீங்கள் அனுப்பவில்லை, ஆனாலும் ஊகிக்கிறேன்: கடைசிச் சீரில் 'என்று', 'அன்றோ', 'தான்' மாதிரி இடம் அடைக்கிற சொல் ஏதாவது உட்கார்ந்திருக்கும். நூற்றில் தொண்ணூறு போட்டி வெண்பாக்களில் அதுதான் கதை. ஈற்றடியை முதலில் எழுதுங்கள். அதில் சொல்வதற்கு ஏதாவது இருந்தால் மேலே மூன்றடி கட்டுங்கள், இல்லாவிட்டால் அந்த வெண்பா வேண்டாம். எழுதியதை ஐயாவிடமே திரும்பப் படித்துக் காட்டுங்கள், கருவியிடம் அப்புறம் போகலாம்.

எங்கள் ஊர்தான் பழைய பூங்குன்றம். வளைவில், பள்ளிச் சுவரில், கல்யாணப் பத்திரிகையில் எல்லாம் 'யாதும் ஊரே யாவரும் கேளிர்'. உலக ஒற்றுமைப் பாட்டு என்றுதான் படித்தோம். அண்மையில் ஒருவர் அது காஞ்சித் துறைப் பாட்டு, நிலையாமை பற்றியது என்று சொல்லிவிட்டார். எது சரி?
*மகிபாலன்பட்டி வாசகர்*

சொன்னவர் விஷயம் தெரிந்தவர். கணியன் பூங்குன்றனார் பாடிய புறநானூற்றின் 192ஆம் பாட்டு அது; பழைய குறிப்பு திணை பொதுவியல், துறை பொருண்மொழிக்காஞ்சி என்கிறது. பெரியோர் தெளிந்த உண்மைப் பொருளை எடுத்துச் சொல்வது அந்தத் துறை. துறைப் பெயரைத் தேர்வுக்கு மனப்பாடம் செய்து மறந்துவிடுகிறோம். ஆனால் அது பாட்டை எந்தக் காதோடு கேட்க வேண்டும் என்று முன்கூட்டியே சொல்கிற குறிப்பு.

பாட்டு 13 அடி. சுவரில் இருப்பது முதல் அடி மட்டும். அடுத்த அடியிலேயே தீதும் நன்றும் பிறர் தர வாரா என்கிறார், அப்புறம் நோவதும் தணிவதும் அப்படித்தான், சாவு புதிதில்லை என்கிறார். இதுவரை அடிக்கு ஒரு கருத்து, நின்று நின்று வருகிறது. 'வாழ்தல்' என்ற சொல்லில் நான்காம் அடி முடிகிற இடத்திலிருந்து நடை மாறிவிடுகிறது. வாழ்தல் / இனிதென மகிழ்ந்தன்றும் இலமே, முனிவின் / இன்னாது என்றலும் இலமே, மின்னொடு / வானம் தண்துளி தலைஇ... வாக்கியம் ஓர் அடியில் தொடங்கி அடுத்த அடிக்குள் வழிந்து போய்க்கொண்டே இருக்கிறது. மின்னல், மழை, கல்லில் மோதி இரைகிற பேராறு, அதில் போகிற புணை, அந்தப் புணை மாதிரி முறைவழிப் போகும் உயிர், எல்லாம் ஒரே மூச்சு. ஆசிரியப்பாவுக்கு இந்த வசதி உண்டு, அடி முடிந்தாலும் பேச்சு முடிய வேண்டியதில்லை. ஆற்றைப் பற்றிப் பேசுகிற இடத்தில் அதைப் பயன்படுத்திக்கொண்டார்.

பிறகு 'ஆகலின்' என்று ஒரு சொல் வருகிறது. பாட்டின் கீல் அதுதான். உயிர் தண்ணீர் போகிற வழியில் போகும் தெப்பம் என்று தெளிந்துவிட்டோம், ஆகலின் பெரியோரை வியப்பதும் இல்லை, சிறியோரை இகழ்வது அதைவிடவும் இல்லை. ஒற்றுமை என்கிற செய்தி பாட்டில் இல்லாமல் இல்லை, ஆனால் அது நிலையாமையிலிருந்து பிறக்கிறது. முதல் அடியை மட்டும் எழுதி வைத்தால் வாழ்த்துச் செய்தி மாதிரி இனிக்கிறது. முழுதும் படித்தால் அவ்வளவு இனிப்பாக இல்லை.

உங்கள் ஊர் வளைவில் கடைசி இரண்டு அடியையும் சேர்க்கச் சொல்லுங்கள். பெரியோரை வியத்தலும் இலமே என்று எழுதி வைத்த வளைவுக்குக் கீழே எந்தப் பிரமுகரை வரவேற்பது என்ற சிக்கல் வரும், வரட்டும்.

எங்கள் அப்பத்தா பாடிய ஒப்பாரிகளைப் போனில் பதிவு செய்து வைத்திருக்கிறேன். இப்போது அவர்கள் இல்லை. எழுத்தில் எடுக்கலாம் என்றால் வீட்டில் படித்த பிள்ளைகள், "இதெல்லாம் இலக்கியத்துல வருமா?" என்று கேட்கிறார்கள். எந்த வகையில் சேர்ப்பது?
*வாசகி, தேவகோட்டை*

முதலில் அந்தப் பதிவை இன்னும் இரண்டு இடத்தில் நகல் எடுத்து வையுங்கள். போனை நம்பாதீர்கள்.

வகை கேட்டீர்கள். இறந்தவரை நினைத்து எஞ்சியவர் புலம்புவதைக் கையறுநிலை என்று தொல்காப்பியம் காஞ்சித்திணையில் சொல்கிறது. அதற்குச் சிறந்த உதாரணமும் நம் பக்கத்ததே. பறம்பு என்று சொல்லப்படும் பிரான்மலைக்கு உரிய பாரி இறந்தபின் அவன் மகள்கள் பாடியது, புறநானூறு 112.

அற்றைத் திங்கள் அவ்வெண் ணிலவின்
எந்தையும் உடையேம் எம்குன்றும் பிறர்கொளார்
இற்றைத் திங்கள் இவ்வெண் ணிலவின்
வென்றெறி முரசின் வேந்தரெம்
குன்றும் கொண்டார்யாம் எந்தையும் இலமே

முதல் அடிக்கும் மூன்றாம் அடிக்கும் வித்தியாசம் 'அ' என்ற எழுத்து 'இ' ஆனது மட்டும். அற்றை, இற்றை, அவ், இவ். நிலா அதேதான். இருந்த கணக்கைச் சொல்லும்போது தந்தை முதலில், குன்று அடுத்து. இழந்த கணக்கில் குன்று முதலில் வருகிறது, தந்தை கடைசிக்குத் தள்ளப்பட்டு 'இலமே' என்பதோடு சேர்ந்து நிற்கிறார். சொல்ல முடியாததைக் கடைசி வரை தள்ளிப்போடுவது துக்க வீட்டில் நாம் எல்லோரும் பார்த்ததுதான். நான்காம் அடியில் மட்டும் மூன்று சீர், நேரிசை ஆசிரியப்பாவுக்கு ஈற்றயலடி, அதாவது கடைசிக்கு முந்தின அடி, அப்படித்தான் குறைய வேண்டும் என்பது விதி. அந்த விதி எங்கே வெட்டுகிறது பாருங்கள்: 'வேந்தரெம்' என்று 'எம்' தனியாகத் தொங்க, 'குன்றும்' அடுத்த அடிக்குப் போய்விடுகிறது. எங்கள் குன்று என்பது இரண்டாகப் பிளந்து கிடக்கிறது.

இப்போது அப்பத்தாவின் பதிவைக் கேளுங்கள். ஒரே அமைப்பில் இரண்டு வரி வரும், ஒரு சொல் மட்டும் மாறும்; முன்பாதியில் பெருமை, பின்பாதியில் இழப்பு; இறந்தவரை நேரே விளித்துப் பேசும். பாரி மகளிர் செய்ததற்கும் இதற்கும் கட்டுமானத்தில் பெரிய தூரம் இல்லை. தொல்காப்பியர் ஏட்டுப் பாட்டோடு நின்றவரும் இல்லை. பண்ணத்தி என்று ஒரு வகை சொல்கிறார், அதை நாட்டார் பாடல்களோடு சேர்த்துப் பார்க்கும் அறிஞர்கள் உண்டு.

இன்னொன்று. செய்யுளின் உறுப்புகள் 34 என்று எண்ணுகிற தொல்காப்பியர், அசை சீர் அடியோடு கூற்று, கேட்போர், களன், காலம் என்பவற்றையும் அந்தப் பட்டியலில் வைக்கிறார். யார் சொல்கிறார், யார் கேட்கிறார், எங்கே, எப்போது என்பதும் பாட்டின் உறுப்பு. ஒப்பாரிக்கு இது உயிர். மகள் அப்பச்சிக்கு அழுவது வேறு, மனைவி கணவனுக்கு அழுவது வேறு, அக்கா தம்பிக்கு அழுவது வேறு. அதனால் எழுத்தில் எடுக்கும்போது வெறும் வரிகளை எழுதாமல், ஒவ்வொன்றுக்கும் மேலே யார் யாருக்குப் பாடியது, துக்க வீட்டில் பாடியதா, நீங்கள் கேட்டதற்காகப் பட்டாலையில் உட்கார்ந்து பாடியதா என்று குறியுங்கள். புறநானூற்றுக்குப் பழைய ஆட்கள் யார் யாரைப் பாடியது என்று குறிப்பு எழுதி வைத்த மாதிரி. பிள்ளைகளுக்கு அந்தக் குறிப்போடு 112ஆம் பாட்டையும் பக்கத்தில் வைத்துக் கொடுங்கள், சத்தம் அடங்கும்.

சிங்கப்பூரில் இருக்கும் பேரனுக்குப் பிள்ளைத்தமிழ் எழுதி வாட்ஸ்ஆப்பில் அனுப்பிக்கொண்டிருக்கிறேன். அம்புலி வரை வந்துவிட்டேன். சிற்றில், சிறுபறை, சிறுதேரில் நின்றுவிட்டது. அவன் வீட்டில் மணலும் கிடையாது, பறையும் கிடையாது. மாற்றி எழுதினால் பிள்ளைத்தமிழ் ஆகுமா?
*கண்டனூர் வாசகர்*

உங்கள் கடிதத்தைப் படித்துவிட்டு அலுவலகத்தில் எல்லோருக்கும் காட்டினேன். ஏழு பருவம் தாண்டிவிட்டீர்கள் ஐயா, பாதிப் புலவர்கள் செங்கீரையிலேயே களைத்துவிடுவார்கள்.

காப்பு, செங்கீரை, தால், சப்பாணி, முத்தம், வருகை, அம்புலி ஆகிய ஏழும் ஆண், பெண் இருபால் பிள்ளைக்கும் பொது. அதன் பிறகுதான் பிரிகிறது. பெண்பிள்ளை என்றால் கழங்கு, அம்மானை, ஊசல் என்று போகும். பெரியாழ்வார் கண்ணனைப் பிள்ளையாக்கிப் பாடியதில் இதன் வித்து இருக்கிறது, தனி நூலாகக் கிடைத்ததில் பழையது ஒட்டக்கூத்தரின் குலோத்துங்க சோழன் பிள்ளைத்தமிழ். அதாவது கடவுளுக்கும் ராஜாவுக்கும் என்று இருந்த வகை. உங்கள் பேரனுக்கு நீங்கள் பாடுவதே விதியைக் கொஞ்சம் வளைத்துத்தான். வளைத்தது வளைத்தாயிற்று, சிற்றிலுக்கு ஏன் பயப்படுகிறீர்கள்?

பருவங்களை மூன்றாம் மாதத்திலிருந்து ஒற்றைப்படை மாதங்களாக வைத்து 21ஆம் மாதத்தில் சிறுதேர் என்று கணக்குச் சொல்வார்கள். அதை ஒட்டிப் பாருங்கள், ஒவ்வொரு பருவமும் பிள்ளை அந்த வயதில் செய்கிற ஒரு செய்கை. கையும் முழங்காலும் ஊன்றித் தலையாட்டுவது, கை தட்டுவது, நடந்து வருவது. கடைசி மூன்றும் அப்படித்தான். கலைப்பது, தட்டுவது, இழுத்து ஓட்டுவது. சிற்றிலில் பெண்பிள்ளைகள் கட்டிய மணல்வீட்டை உதைக்காதே என்று பையனிடம் கெஞ்சுவார்கள். சிங்கப்பூரில் அக்கா அடுக்கிய பிளாஸ்டிக் கட்டைகளை அவன் தள்ளாமலா இருப்பான்? பாத்திரத்தைக் கரண்டியால் தட்டாத பிள்ளை எந்த நாட்டிலும் இல்லை, சிறுபறை முடிந்தது. தேருக்கு ரிமோட் கார். பொருளை மாற்றுங்கள், செய்கையை மாற்றாதீர்கள், பிள்ளையிடம் நேரே பேசுகிற முன்னிலையையும் விடாதீர்கள். கேட்போர் அந்தப் பிள்ளை, அவன் அப்பா அம்மா இல்லை. இடையில் மகனுக்கு ஒரு புத்திமதி செருகினால் வகை கெட்டுவிடும்.

அம்புலியில் சாமம், பேதம், தானம், தண்டம் நான்கும் சொல்லி நிலாவை விளையாடக் கூப்பிட்டிருப்பீர்கள் என்று நம்புகிறேன். தண்டத்தை விட்டிருந்தால் சேர்த்துவிடுங்கள், பிள்ளைகளுக்கு அந்தப் பாட்டுத்தான் பிடிக்கும். பருவத்துக்குப் பத்துப் பாட்டு வேண்டும் என்ற விதியை மட்டும் தயவுசெய்து மறந்துவிடுங்கள். ஒன்று போதும்.

மேடையில் 'விருத்தமெனும் ஒண்பாவிற்கு உயர்கம்பன்' என்கிறார்கள். எங்கள் தமிழாசிரியர், விருத்தம் பாவே இல்லை, பாவினம் என்கிறார். இனத்தை எடுத்தா கம்பர் இவ்வளவு பெரிய காப்பியம் செய்தார்?
*நாட்டரசன்கோட்டை வாசகர்*

ஆசிரியர் சொன்னது இலக்கணப்படி சரி. வெண்பா, ஆசிரியம், கலி, வஞ்சி நான்கும் பா. ஒவ்வொன்றுக்கும் தாழிசை, துறை, விருத்தம் என்று மூன்று இனம். மேடையில் சொல்கிற வரி ஒரு தனிப்பாடலில் வருவது. வெண்பாவுக்குப் புகழேந்தி, பரணிக்குச் சயங்கொண்டார், கோவை உலா அந்தாதிக்கு ஒட்டக்கூத்தர், கலம்பகத்துக்கு இரட்டையர் என்று வகைக்கு ஒரு ஆளைச் சொல்லிக்கொண்டே போகும், வசைபாடக் காளமேகம் வரை. திட்டுவதற்குக்கூட ஒரு தலைவர் வைத்திருந்த மொழி இது.

ஏன் விருத்தம்? மணிமேகலை ஆசிரியத்தில் நடக்கிறது, கதை நிற்காமல் போகும். சிந்தாமணி விருத்தத்துக்கு வந்துவிட்டது, கம்பர் அந்த வழியை எடுத்துக்கொண்டார். விருத்தத்தில் நான்கடிக்கு ஒரு முறை பாட்டு முடிந்தே ஆக வேண்டும். நான்கடியும் அளவொத்து, ஒரே எதுகையில். கதை சொல்கிறவன் அங்கே நிறுத்தலாம், பாடலாம், விளக்கலாம், திரும்பப் பாடலாம். சா. கணேசன் 1939இல் காரைக்குடியில் கம்பன் கழகம் தொடங்கியதிலிருந்து ஒற்றைப் பாட்டை வைத்துக்கொண்டு ஒரு மணி நேரம் பேசுகிறார்களே, அது விருத்தம் என்பதால் நடக்கிறது. அகவலில் அப்படி ஒரு துண்டைப் பிய்த்து எடுத்துவர முடியாது. (ஒரு மணி நேரத்தில் நாற்பது நிமிஷம் பேச்சாளர் தன்னைப் பற்றிப் பேசுவதற்கு யாப்பு பொறுப்பில்லை.)

இன்னொரு வசதி, விருத்தத்தில் சீரையும் சந்தத்தையும் மாற்றி மாற்றி நடையையே மாற்றலாம். தொடக்கத்தில் 'உலகம் யாவையும் தாமுள வாக்கலும்' நான்கு சீர்க் கலிவிருத்தம், நிதானமாக நிற்கும். சூர்ப்பணகை அழகியாக உருமாறி வருகிற இடத்தைப் பாருங்கள்.

பஞ்சியொளிர் விஞ்சுகுளிர் பல்லவ மனுங்கச்
செஞ்செவிய கஞ்சநிமிர் சீறடிய ளாகி
அஞ்சொலிள மஞ்ஞையென அன்னமென மின்னும்
வஞ்சியென நஞ்சமென வஞ்சமகள் வந்தாள்

கொலுசு போட்ட நடை. பஞ்சி, விஞ்சு, கஞ்சம், அஞ்சொல், மஞ்ஞை, வஞ்சி என்று மெல்லின இனிப்பு வந்துகொண்டே இருக்கிறது. அதே ஓசைக்குள் 'நஞ்சம்' நுழைந்துவிடுகிறது. வஞ்சிக்கும் நஞ்சத்துக்கும் காதுக்கு வித்தியாசம் தெரியவில்லை. அவள் வேஷம் போட்டிருக்கிறாள் என்பதை எதுகையும் சொல்லிக்கொடுக்கிறது.

தைப்பூசத்துக்கு நடக்கும்போது பாடுகிற காவடிச்சிந்துக்கு யாப்பு உண்டா? யாப்பருங்கலக்காரிகையில் தேடினேன், இல்லை.
*குன்றக்குடி வாசகர்*

காரிகையில் சிந்தடி என்று இருக்கும், அது மூன்று சீர் அடி, நீங்கள் தேடுவது வேறு. சிந்துப் பாட்டு தாளத்தில் எண்ணப்படுவது. அசை குறைந்தால் நீட்டி நிரப்பிக்கொள்ளலாம், தாளம் தவறக் கூடாது, நடுவில் ஒரு தனிச்சொல் வந்து அடியை இரண்டு பாதியாகப் பிரிக்கும். அலகிட்டுப் பார்த்தால் சில இடம் இடிக்கும், நடந்துகொண்டே பாடினால் இடிக்காது. கழுகுமலை முருகனுக்குக் காவடிச்சிந்து பாடிய அண்ணாமலை ரெட்டியார் 1865இல் பிறந்து 1891இல் மறைந்தவர், அந்தச் சின்ன வயதுக்குள் இந்த வகைக்கே அடையாளமாகிவிட்டார். பாரதியும் சிந்தை விடவில்லை, 'நெஞ்சு பொறுக்குதிலையே' நொண்டிச்சிந்து. உங்கள் ஊர் முருகன் மீது அருணகிரியார் திருப்புகழ் இருக்கிறது. அதன் சந்தக் கணக்கு இன்னும் கறார், அங்கே வல்லினத்துக்குப் பதில் மெல்லினம் போட்டால்கூடக் குழிப்பு என்கிற சந்த அச்சு ஒத்துக்கொள்ளாது. காவடியோடு போகிறவர்களுக்கு சிந்துதான் தோது.

எதுகை இல்லை, மோனை இல்லை, வாக்கியத்தை ஒடித்து ஒடித்துப் போட்டால் கவிதையா? உங்கள் பத்திரிகையும் இதை வெளியிடுகிறது. தொல்காப்பியர் இருந்தால் என்ன சொல்வார்?
*கோட்டையூர் வாசகர்*

நீங்கள் நினைப்பதைச் சொல்ல மாட்டார். யாப்பின் வகை ஏழு என்று செய்யுளியலில் அவர் எண்ணுகிறார்: பாட்டு, உரை, நூல், வாய்மொழி, பிசி, அங்கதம், முதுசொல். இதில் பாட்டு ஒன்றுக்குத்தான் அடியளவு. மற்ற ஆறும் அடிவரை இல்லாதவை. பிசி என்பது நம் வீட்டு ஆயா போடுகிற விடுகதை, முதுசொல் பழமொழி. அவற்றுக்கும் யாப்பு உண்டு என்று ஒத்துக்கொண்டவர் புதுக்கவிதையைக் கண்டு மயங்கி விழ மாட்டார். பாரதி 'காட்சி'யை வசனத்தில் எழுதினார், பிச்சமூர்த்தி தொடர்ந்தார், 1959இல் சி.சு. செல்லப்பா 'எழுத்து' தொடங்கியபோது இந்தச் சண்டை உச்சத்துக்குப் போனது. அறுபது வருஷத்துக்கு மேல் ஆகிறது, போதும்.

ஆனால் உங்கள் கோபத்தில் பாதியை நானும் வைத்திருக்கிறேன். எங்களுக்கு வருகிற கவிதைகளை நான் ஒரே பத்தியாகச் சேர்த்து எழுதிப் பார்ப்பேன். எதுவும் குறையவில்லை என்றால் ஒடித்தது வீண் வேலை, திருப்பி அனுப்பிவிடுவேன். மேலே தேவகோட்டை வாசகிக்குச் சொன்ன 'வேந்தரெம் / குன்றும்' என்ற ஒடிப்பைப் பாருங்கள். அங்கே சேர்த்து எழுதினால் ஒன்று போய்விடுகிறது. புதுக்கவிதை எழுதுகிறவர்களிடம் நான் எதிர்பார்ப்பது அந்த அளவுக்குக் காரணமுள்ள ஒடிப்பு. எதுகை இல்லாததை நான் குறையாகப் பார்ப்பதே இல்லை.

ஹைக்கூவின் 5-7-5 தமிழில் எழுத்தா, அசையா?
*பள்ளத்தூர் மாணவர்*

இரண்டும் இல்லை. ஜப்பானியக் கணக்கில் குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, நம் மாத்திரைக்குக் கொஞ்சம் பக்கத்தில் வரும். தமிழில் எண்ண வேண்டாம். பாரதி 1916இலேயே ஜப்பானியக் கவிதை பற்றி எழுதியபோது அவரைக் கவர்ந்தது சொல் சுருக்கம்தான்.

ஓய்வு பெற்றுவிட்டேன். யாப்பு முறையாகப் படிக்க ஆசை. வகுப்புக்குப் போக முடியாது. எதில் தொடங்கலாம்?
*காரைக்குடி வாசகி*

யாப்பருங்கலக்காரிகை, குணசாகரர் உரையோடு. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. உறுப்பியல், செய்யுளியல், ஒழிபியல் என்று மூன்று இயல். அமிதசாகரர் ஒவ்வொரு விதியையும் ஒரு பெண்ணை விளித்துச் சொல்லிக்கொண்டு போகிறார், நடுநடுவே அவள் கண்ணையும் கூந்தலையும் புகழ்வார், அதைக் கண்டுகொள்ளாமல் விதியை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். நூல் முழுக்கக் கட்டளைக் கலித்துறை. அடி நேரசையில் தொடங்கினால் ஒற்று நீக்கி 16 எழுத்து, நிரையில் தொடங்கினால் 17. விதியைப் படிக்கும்போதே எழுத்தை எண்ணிச் சரிபார்க்கலாம், குறுக்கெழுத்துப் போடுகிறவர்களுக்கு இது ரொம்பப் பிடிக்கும்.

உறுப்பியலில் தளை முடிகிற வரை படித்துவிட்டு நிறுத்துங்கள். அப்புறம் தினம் ஒரு குறளை எடுத்து, சத்தமாக இரண்டு முறை படித்து, பிறகு அலகிடுங்கள். சத்தமாகப் படிப்பதைத் தவிர்க்க வேண்டாம், வீட்டில் சிரித்தாலும் பரவாயில்லை. ஒரு அதிகாரம் முடிந்தபின் செய்யுளியலுக்குப் போகலாம். ஒழிபியலை இந்த வருஷம் தொடவே வேண்டாம். சந்தேகம் வந்தால் எழுதுங்கள், ஆனால் எந்தக் குறள், எந்தச் சீர் என்று குறிப்பிட்டு எழுதுங்கள்; "எங்கேயோ இடிக்கிறது" என்று வருகிற கடிதங்களுக்கு என்னால் பதில் சொல்ல முடிவதில்லை.